விருந்து வழங்கி

உயிரியற் பாடநூல்களிலே 'விருந்து வழங்கி' என்றொரு சொல் வழங்குகிறது. ஒட்டுண்ணியோ நோய்க்கிருமியோ குடிபுகுந்து வாழும் உடலுக்கு நம் நாட்டுக் கலைச்சொல் ஆக்கியோர் இட்ட பெயர் அது. இருபது ஆண்டுகளாக அச்சொல்லை நான் கரும்பலகையில் எழுதி வருகிறேன். எழுதுந்தோறும் உள்ளுக்குள் ஒரு சிறு நகை தோன்றும். வாசலில் நிறைகுடம் வைத்து, தலைவாழை இலை விரித்து, வருந்தி அழைத்து வழங்குவதன்றோ விருந்து? அழையாமல் வந்து, அடுக்களையில் நுழைந்து, வீட்டுக்காரனையே தின்னத் தொடங்குபவனுக்கு நாம் வழங்குவது எவ்வகை விருந்து? ஆயினும், சொல்லை ஆக்கியவர் ஒரு நுட்பத்தை அறிந்தே ஆக்கியிருக்கிறார் என்று நாளடைவில் எண்ணத் தலைப்பட்டேன். நோய்க்கிருமிகளுட் பல நெடுநாட் பழகிய விருந்தாளிகளே. எந்த வீட்டில் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பது அவற்றுக்குத் தெரியும். பழகாத வீட்டிற் புகும்போதுதான் பெரும்பாலும் விபரீதம் விளைகிறது.

2024ஆம் ஆண்டு கார்த்திகையில் பெய்த பெருமழையைக் குடாநாட்டார் மறந்திருக்கமாட்டார்கள். வயலும் வளவும் தெருவும் ஒரே நீர்ப்பரப்பாயின. வெள்ளம் வடியத் தொடங்கிய மார்கழியில் ஒரு காய்ச்சல் பரவிற்று. கரவெட்டி, பருத்தித்துறைப் பக்கங்களிலிருந்து நோயாளர் வைத்தியசாலைகளுக்கு வந்தனர். சில நாட்களுள்ளே உயிரிழப்புகளும் நேர்ந்தன. இன்ன காய்ச்சல் என்று அறியாது ஊர் கலங்கியிருந்த வேளையில், இரத்த மாதிரிகளைச் சோதித்தவர்கள் அது எலிக்காய்ச்சல் என்று உறுதிசெய்தார்கள். இலங்கைக்கு அது புதிய நோயன்று. 2008ஆம் ஆண்டில் மட்டும் 7,000க்கு மேற்பட்டோர் அந்நோய்க்கு ஆளானதாகப் பதிவுகள் கூறுகின்றன. இருநூறு பேரளவில் மாண்டனர். ஆனால் அது ஈரவலயத்து வயற்காரரின் நோய், வரண்ட யாழ்ப்பாணத்துக்கு அதனோடு என்ன உறவு என்ற எண்ணம் நம்மவரிடையே இருந்தது. கிருமிக்கு வரைபடம் தெரியாது. ஈரமும் எலியும் இருந்தாற் போதும்.

அந்த மார்கழியில் என் உயர்தர வகுப்பு மாணவன் ஒருவனுடைய தந்தையும் நோயுற்றார். வடமராட்சியிலே நெற்செய்கை செய்பவர். வெள்ளம் நின்ற வயலில் வரம்பை வெட்டி நீரை வடியவிடுவதற்காக இரண்டு நாள் முழங்காலளவு தண்ணீரில் நின்றிருக்கிறார். பத்து நாள் கழித்துக் காய்ச்சல்; கெண்டைக்காலில் அடித்துப்போட்டாற்போன்ற வலி; கண்கள் சிவந்துவிட்டன. ஊர்க்காய்ச்சல் என்று எண்ணி மல்லித் தண்ணீர் குடித்துப் படுத்திருந்தவரை, சிறுநீர் குறைந்துபோன பிறகு தூக்கிக்கொண்டு ஓடினார்கள். சிறுநீரகம் செயலிழக்கும் நிலை. பல நாட்கள் கழித்து, பாதியாய் மெலிந்து, உயிரோடு வீடு திரும்பினார்.

தை மாதத்தில் வகுப்பு மீண்டும் தொடங்கியபோது, மாணவன் எழுந்து கேட்டான்:

“சேர், எலியின்ரை உடம்பிலைதானே அந்தக் கிருமி இருக்குது. எலி சுகமா ஓடித் திரியுது. எலியைக் கொல்லாத கிருமி என்ரை ஐயாவை ஏன் கொல்லப் பாத்தது?”

பரீட்சைக்கு வரக்கூடிய கேள்வியன்று அது. அதனாலேயே அன்று எடுக்கவிருந்த பாடத்தை ஒத்திவைத்தேன்.

அக்கிருமியின் பெயர் லெப்ரொஸ்பைரா. மயிரிழையினும் பன்மடங்கு நுண்ணிய, சுருள் சுருளான உடம்பு. சாதாரண நுணுக்குக்காட்டியில் அகப்படாத அளவு மெல்லியது. இருட்பின்னணியில் ஒளியைப் பக்கவாட்டிற் செலுத்திப் பார்த்தால்தான் மின்னித் திரிவது தெரியும். மஞ்சட் காய்ச்சலால் இறந்ததாகக் கருதப்பட்ட ஒருவரின் சிறுநீரகத்திலே இதனைக் கண்ட ஸ்ரிம்சன் என்ற அமெரிக்கர், அதன் வளைந்த நுனி கேள்விக்குறியை ஒத்திருந்தமையால், கேள்வி கேட்பது என்று பொருள்படும் இலத்தீன் சொல்லையே 1907இல் அதற்குப் பெயராக வைத்தார். இன்றும் அவ்வினத்துக்கு அதுவே பெயர். எலிக்காய்ச்சலுக்குக் காரணம் இத்தகைய கிருமியே என்று 1915இல் நிறுவியவர்கள் இனடா, இடோ என்னும் யப்பானிய வைத்தியர்கள். கியூசூத் தீவின் நிலக்கரிச் சுரங்கங்களில், ஈரத்தில் நின்று உழைத்த தொழிலாளரிடையே அவர்கள் அதனைத் தேடிக் கண்டார்கள். சுரங்கமாயினும் வயலாயினும் நோய் தேடுவது ஈரத்தில் நிற்பவனுடைய காலைத்தான்.

எலிக்குள் இதன் வாழ்வு அமைதியானது. இளமையிலேயே எலியின் உடலிற் புகுந்து, இரத்தத்தில் சில நாள் சுற்றிய பின், சிறுநீரகத்து நுண்குழாய்களின் உட்சுவரிற் படலமாய் ஒட்டிக்கொள்கிறது. அங்கே எலியின் காவற்படை எளிதிற் செல்வதில்லை. உணவுக்குக் குறைவில்லை. மாதக்கணக்காகச் சிறுநீரோடு வெளியேறி, ஈர மண்ணிலும் தேங்கிய நீரிலும் வாரக்கணக்கில் உயிர்வாழ்ந்து, அடுத்த எலிக்காகக் காத்திருக்கும். எலி தின்கிறது, ஓடுகிறது, குட்டி போடுகிறது. எலி இறந்தால் கிருமியின் குடியிருப்பும் போயிற்று. ஆகவே தலைமுறை தலைமுறையாக, வீட்டை இடியாத குடியிருப்பாளர்களே எஞ்சினார்கள்.

இவ்விடத்தில் ஒரு தப்பெண்ணத்தை விலக்கவேண்டும். கிருமி சிந்தித்துத் தன்னைத் திருத்திக்கொள்வதில்லை. அதற்கு மூளையுமில்லை, நோக்கமுமில்லை. ஒன்று இரண்டாகப் பிரியும்போது அதன் பரம்பரையலகுகளைப் படியெடுப்பதில் அங்கொன்று இங்கொன்றாகப் பிழை நேர்கிறது. கோடானுகோடிப் பிரதிகளில் பெரும்பாலான பிழைகள் வீண். சில கிருமியையே கொல்லும். எங்கோ ஒன்று, இருக்கும் இடத்துக்கு ஏற்றதாய் அமைந்துவிடும். அந்த ஒன்றின் சந்ததியே பெருகும். நாற்றுமேடையில் நல்ல கத்தரிக் கன்றைத் தெரிந்தெடுத்து நடும் தோட்டக்காரன் போல, எலியின் உடலே தனக்கேற்ற கிருமியைத் தெரிந்தெடுத்துவிட்டது எனலாம். பழைய நோய்கள் யாவும் காலப்போக்கில் சாதுவாகிவிடும் என்று சிலர் எழுதுவதும் சரியன்று. வாந்திபேதியின் கிருமி மனிதனோடு மிகப் பழகியது; அவனைக் கழியவைப்பதனாலேயே அது நீருக்குள் சென்று பரவுகிறது. அதற்குச் சாதுத்தன்மை இலாபந் தராது.

மனித உடலுக்குள் வரும்போது லெப்ரொஸ்பைராவின் கதை மாறிவிடுகிறது. காலிலுள்ள சிறு வெடிப்பு, கீறல், கண்ணின் மென்படலம், இவற்றில் ஏதேனும் ஒன்று போதும். தக்கைத் திருகிபோலச் சுழன்று துளைத்து உள்ளே செல்கிறது. நம் உடலின் காவற்கலங்கள் பற்றீரியாக்களின் மேலுறையைத் தடவிப் பார்த்து அந்நியரை இனங்காணும் இயல்புடையன. சுண்டெலியின் காவற்கலம் லெப்ரொஸ்பைராவின் உறையைக் கண்டுகொள்கிறது. மனிதனுடையதோ அவ்வுறையைச் சரிவர உணர்வதில்லை. அன்றியும், நம் இரத்தம் தன் சொந்தக் கலங்களைத் தானே தாக்காதிருப்பதற்கென வைத்திருக்கும் ஒரு புரதத்தை இக்கிருமி பிடித்துத் தன்மேல் ஒட்டிக்கொள்கிறது. காவலாளியின் சீருடையைத் திருடி அணிந்துகொண்டு கோட்டைக்குள் உலாவும் கள்வனை ஒக்கும். பிறபொருளெதிரிகள் உருவாகி வந்து சேருவதற்குள் ஈரல், சிறுநீரகம், நுரையீரல் எங்கும் அது பரவியிருக்கும். இத்தனைக்கும் மனிதனிடமிருந்து மற்றொரு மனிதனுக்கு அது தொற்றுவது மிக அரிது. அதனுடைய பயணத்தில் நாம் ஒரு முட்டுச்சந்து.

“உன்ரை ஐயாவை வருத்தினதாலை அந்தக் கிருமிக்கு ஒரு பலனும் இல்லை, தம்பி. வழி தவறி வந்தது” என்றேன்.

அவன் சிறிது நேரம் பேசாதிருந்தான். பிறகு, “பலன் இல்லாமல் கொல்லுறதுதான் சேர் கூடப் பயமாக் கிடக்கு” என்றான்.

அவனுக்கு விடையாக நான் கூறியது வேறொரு கிருமியின் கதை. வழி தவறாமல், நம்மையே தேடி வரும் கிருமியின் கதை. அதனை நான் பாடநூலிற் படிப்பதற்கு முன்பே அறிந்திருந்தேன்.

1995ஆம் ஆண்டு ஐப்பசி 30ஆம் நாள் இரவு வலிகாமம் காலியாயிற்று. இலட்சக்கணக்கானோர் கொட்டும் மழையில் நாவற்குழி வழியாகத் தென்மராட்சிக்கு நடந்தோம். எனக்கு அப்போது பதினைந்து வயது, தம்பிக்கு ஒன்பது. ஒரு பாடசாலை மண்டபத்தின் மூலையில், சேலையால் மறைப்புக் கட்டி, நான்கு குடும்பங்கள் தங்கினோம். கிணறு ஒன்று, அதைச் சூழ நூற்றுக்கணக்கானோர். மலசலகூடத்தைப் பற்றிச் சொல்லாதிருப்பதே நன்று. மார்கழியில் தம்பிக்குக் காய்ச்சல் கண்டது. முதல் நாள் சூடு சற்றுக் கூடியது. மறுநாள் இன்னுஞ் சற்று. படியேறுவதுபோல ஏறிக்கொண்டே போயிற்று. நாக்கு வெள்ளை படர்ந்தது. இரண்டாம் வாரத்தில் அவன் எங்களை அடையாளம் காணாமற் பிதற்றத் தொடங்கினான். அம்மம்மா அவன் நெற்றியைத் தொட்டுப் பார்த்து, “நெருப்புக் காய்ச்சல்” என்று மட்டும் சொன்னார். தைபோயிட்டுக்கு யாழ்ப்பாணத்தார் வைத்த பெயர் அது. தொட்டவர் அறிவர் அதன் பொருத்தத்தை.

அந்நோயின் கிருமி சல்மனெல்லா இனத்தைச் சேர்ந்தது. 1880இல் எபேர்த் என்ற ஜேர்மானியர் அதனைக் கண்டார். மானிப்பாயில் 1848 முதல் மருத்துவம் பார்த்து, மேல்நாட்டு வைத்தியத்தைத் தமிழிலேயே கற்பித்த கிறீன் வைத்தியர், அதற்கு ஏழாண்டுகளுக்கு முன்பே இவ்வூரைவிட்டுச் சென்றுவிட்டார். இத்தகைய காய்ச்சல்களோடு போராடிய அம்மனிதர், அக்கிருமியை ஒருமுறையேனும் காணாமலே போராடினார் என்பதை நினைக்கும்போது வியப்புண்டாகிறது.

லெப்ரொஸ்பைராவுக்கு எலி எப்படியோ, இதற்கு மனிதன் அப்படி. மனிதனைத் தவிர இயற்கையில் இதற்கு வேறு வீடில்லை. மாட்டிலும் கோழியிலும் வாழும் இதன் உறவினங்கள் மனிதனுக்கு வயிற்றுப்போக்கைக் கொடுத்துவிட்டுப் போய்விடும். இதுவோ நம்மிடமே குடியேறுவதற்காக மற்ற வாசல்களை மூடிக்கொண்டது. 2001இல் இதன் பரம்பரையலகுத் தொகுதி முழுவதையும் படித்தபோது, இருநூறுக்கு மேற்பட்ட அலகுகள் பழுதடைந்து செயலற்றுக் கிடப்பதைக் கண்டார்கள். பல வகை உடல்களில் வாழ்வதற்கு வேண்டிய கருவிகள் அவற்றுட் சில. ஒரே வீட்டில் வாழ்பவனுக்கு அவை வேண்டாதனவாயின. ஒன்றைப் பற்றுவதற்குப் பலவற்றைத் துறப்பதும் ஓர் இசைவாக்கமே என்று வகுப்பிற் சொன்னபோது, முன்வரிசை மாணவி ஒருத்தி, “துறவி மாதிரி” என்றாள். துறவி யாரையும் தின்பதில்லை என்றேன்.

அது நுழையும் முறை வியக்கத்தக்கது. தண்ணீரோடோ சோற்றோடோ வயிற்றுக்குட் சென்று, இரைப்பையின் அமிலத்தைத் தப்பி, சிறுகுடலை அடைகிறது. அங்கே ஊசிபோன்ற ஒரு நுண்கருவியால் குடற்சுவரின் கலங்களுக்குள் தன் புரதங்களைச் செலுத்துகிறது. அதனால் மயங்கிய கலம் தானே கைகளை நீட்டி அதனை உள்ளே இழுத்துக்கொள்கிறது. அப்பால், கிருமிகளை விழுங்கிச் செரிப்பதையே தொழிலாகக் கொண்ட பெரிய வெண்கலம் ஒன்று இதனை விழுங்குகிறது. செரிக்கவேண்டிய அறைக்குள்ளே இது இரண்டாவது ஊசியை எடுத்துச் செரிமானத்தைத் தடுத்து, அவ்வறையிலேயே பெருகுகிறது. காவற்காரனின் மடியிலே ஒளிந்து ஈரல், மண்ணீரல், என்புமச்சை எங்கும் போகிறது. ஒரு வாரம், இரண்டு வாரம் நமக்கு ஒன்றுந் தெரியாது. இரத்தத்தில் வெளிப்பட்ட பிறகும் ஒரு வழுவழுப்பான போர்வையை மேலே போர்த்துக்கொண்டு பிறபொருளெதிரிகளுக்குத் தன் முகத்தை மறைக்கிறது. மூன்றாம் வாரத்திற் குடற்சுவர் புண்பட்டுத் துளைபடவுங்கூடும். நெருப்புக் காய்ச்சற்காரனுக்குத் திண்ணிய உணவு கொடாது கஞ்சித்தெளிவே கொடுத்த அம்மம்மாவின் பத்தியத்தில் பொருளில்லாமற் போகவில்லை.

தம்பிக்கு மருந்து கிடைத்த விதத்தை மாமா இன்றும் சொல்லுவார். மருந்துத் தட்டுப்பாடான காலம். ஓய்வுபெற்ற முதிய வைத்தியர் ஒருவர் எழுதிக் கொடுத்த துண்டோடு இரண்டு நாள் சைக்கிளில் அலைந்து, குளோரம்பெனிக்கோல் குளிசைகளைச் சேர்த்துக்கொண்டு வந்தார். அம்மருந்து நெருப்புக் காய்ச்சலை ஆற்றும் என்று 1948இல் கண்டறிந்த இடம் கோலாலம்பூர். உட்வேட் முதலிய அமெரிக்க வைத்தியர்கள் உண்ணிக் காய்ச்சலுக்கு அதனைக் கொடுத்துச் சோதித்துக் கொண்டிருந்தார்கள். உண்ணிக் காய்ச்சலென்று கருதிச் சேர்த்த நோயாளி ஒருவருக்கு இருந்தது தைபோயிட்டு என்று பின்னரே தெரிந்தது. அவர் குணமடைந்தார். யாழ்ப்பாணத்து வீடுகள் பலவற்றில் மலாயாவில் உழைத்த பாட்டன்மாரின் படங்கள் தொங்குகின்றன. அந்நாட்டிலிருந்து நமக்கு வந்தது பென்சன் பணம் மட்டுமன்று என்று நான் மாணவருக்குச் சொல்வதுண்டு.

ஐந்தாம் நாள் தம்பிக்குக் காய்ச்சல் இறங்கியது. இரு வாரம் கழித்து மீண்டும் ஏறியது. வெண்கலங்களுக்குள் ஒளிந்திருந்தவை மருந்து நின்றபின் வெளிவருவதால் இவ்வாறு நேர்வதுண்டு. அந்த இரண்டாவது முறைதான் அம்மா அழுததை நான் முதன்முதலாகக் கண்டேன். மாமா மறுபடியும் சைக்கிளை எடுத்தார். தம்பி பிழைத்தான், தலைமயிர் முழுதும் கொட்டி, சித்திரையில் ஊர் திரும்பும்போது என் தோளைப் பிடித்துக்கொண்டு நடந்தான். இப்போது கனடாவில் இருக்கிறான்.

ஆறில்லாத நம் குடாநாட்டுக்குக் கிணறே கதி. நிலத்தின் கீழே சுண்ணாம்புக்கல். அதில் வெடிப்புகளும் பொந்துகளும். மழைநீரைச் சட்டென்று உள்ளே வாங்கி நமக்காகச் சேமித்து வைக்கும் அதே வெடிப்புகள், அயல்வளவு மலக்குழியில் ஊறுவதையும் வடிகட்டாமற் கொண்டுவந்து சேர்க்கும். மணல்நிலம் வடிகட்டும் அளவுக்குக் கல்நிலம் வடிகட்டாது. இலங்கையில் நெருப்புக் காய்ச்சல் பல ஆண்டுகளாக யாழ்ப்பாணத்தை விட்டுப் பிரியாதிருந்தமைக்கு இது ஒரு பெருங்காரணம். காணி துண்டாடப்பட்டு, ஒரு வளவில் இருந்த கிணற்றையும் குழியையும் மூன்று வளவுகள் ஆக்கிக்கொண்ட பிறகு, எவருடைய குழி எவருடைய கிணற்றுக்கு அருகில் என்று அளப்பார் இல்லை. எல்லை வேலிக்காக நீதிமன்றம் ஏறுவோம். குழிக்காக ஏறியவரை நான் அறியேன்.

ஆனால் கிணற்றிற் கிருமி தானாக முளைப்பதில்லை. யாரோ ஒருவர் உடலிலிருந்து வரவேண்டும். நோயுற்றுத் தேறியவர்களில் நூற்றுக்கு இரண்டு முதல் ஐந்து பேர் வரையில், எந்நோவும் இல்லாமலே, ஆண்டுக்கணக்காகக் கிருமியை வெளியேற்றிக்கொண்டிருப்பார்கள். அவர்களது பித்தப்பையில், பல பற்றீரியாக்களைக் கரைத்துவிடும் பித்தத்துக்குள்ளேயே, பித்தக்கற்களின்மேற் படலமாகப் படிந்து இது வாழ்கிறது. எலியின் சிறுநீரகத்திலே லெப்ரொஸ்பைரா வாழ்வதுபோலவே. நியூயோர்க்கில் சமையற்காரியாயிருந்த மேரி மாலன் என்னும் அயர்லாந்துப் பெண் இத்தகையவர். அவர் வேலை செய்த வீடுகள் பலவற்றில் நோய் கண்டதை 1907இல் கண்டுபிடித்தார்கள். தாம் ஒருநாளும் நோயுற்றதில்லை என்று அவர் வாதாடினார். மூன்று ஆண்டு ஒரு தீவில் தனிமையில் வைத்து, சமைப்பதில்லை என்ற வாக்குறுதியின்மேல் விட்டார்கள். வேறு பிழைப்பில்லாமல் பெயரை மாற்றிக்கொண்டு மீண்டும் சமைக்கப் போனார்; 1915இல் மறுபடி பிடித்து, 1938இல் இறக்கும்வரை அத்தீவிலேயே வைத்தார்கள். ஊரைக் காக்க வேண்டியதுதான். ஆனால் கிருமியோடு பிறந்தவரல்லர் அவர்; அவருக்கும் யாரோ ஒருவர் கொடுத்ததே. சமைக்காதே என்றவர்கள் அவருக்கு வாழ ஒரு வழி செய்து கொடுத்திருக்கலாம் என்பதே என் கருத்து.

இதைப் படித்த நாளில் அம்மாவிடம் கேட்டேன்: அன்று அந்த மண்டபத்தில் யார் சமைத்தார்கள்?

“எல்லாரும்தான் சமைச்சம். ஆரெண்டு பாத்து இப்ப என்ன செய்யப்போறாய்? அந்தக் கஞ்சி இல்லாட்டி அண்டைக்கே எல்லாரும் செத்திருப்பம்” என்றார். மேலே நான் கேட்கவில்லை. அதே கஞ்சியைக் குடித்த எனக்கும் அந்த மாதம் இரண்டு நாள் உடல் காய்ந்தது நினைவிருக்கிறது.

தம்பியைக் காத்த குளோரம்பெனிக்கோல் இன்று எல்லாவிடத்தும் பலிப்பதில்லை. 1972இல் மெக்சிக்கோவிலும், நமக்கு அண்மையில் கோழிக்கோட்டிலும், அம்மருந்துக்கு அஞ்சாத தைபோயிட்டுக் கிருமிகள் வெளிப்பட்டன. மருந்தைத் தாங்கும் அலகுகளைச் சிறு வளையமாகக் கோத்து, ஒரு பற்றீரியா அடுத்ததற்குக் கொடுத்துவிடும். இனம் வேறாயினும் கொடுக்கும். நம்மூரில் இதைக் கைமாற்று என்போம். கிருமிகள் திருப்பிக் கேட்பதில்லை என்பதே வேறுபாடு. 2016இல் பாக்கிஸ்தானின் சிந்து மாகாணத்தில் தோன்றிய வகைக்கு ஐந்து வகை மருந்துகள் பலிக்காமற் போயின. விழுங்கும் மருந்துகளில் ஏறத்தாழ ஒன்றே எஞ்சியது. அந்நாடு 2019இல் குழந்தைகளுக்குப் புதிய தடுப்பூசியைத் தொடங்க வேண்டியதாயிற்று. காய்ச்சல் இறங்கிய மறுநாளே குளிசையை நிறுத்தி, மீதியை அடுத்த காய்ச்சலுக்கென்று அலுமாரியில் வைக்கும் வழக்கம் நம் வீடுகளிலும் உண்டு. தடிமனுக்கெல்லாம் நுண்ணுயிர்கொல்லி கேட்டு வைத்தியரோடு மல்லுக்கட்டும் பெற்றாரையும் கண்டிருக்கிறேன். அத்தகைய ஒவ்வொரு குளிசையும், தோட்டக்காரன் கன்று தெரிவதுபோல, தாங்கவல்ல கிருமியைத் தெரிந்து நடுகிறது.

மாணவன் இவ்வளவையும் கேட்டிருந்தான். வகுப்பு முடிந்ததும் அருகில் வந்து, ஐயா மீண்டும் வயலில் இறங்கினால் மறுபடியும் வருமா என்று கேட்டான். வரலாம், லெப்ரொஸ்பைராவில் வகைகள் நூற்றுக்கணக்கில் உண்டு, ஒன்றுக்கு உண்டான எதிர்ப்பு மற்றொன்றைத் தடுக்காது என்று உள்ளதையே சொன்னேன். வயலில் இறங்குமுன் சுகாதாரப் பரிசோதகரிடம் சென்றால் தடுப்புக் குளிசை தருவார்கள் என்றும், காய்ச்சல் கண்டால் முதல் நாளே வயல் வேலையைப் பற்றி வைத்தியரிடம் சொல்லவேண்டும் என்றும் கூறினேன்.

2025 புரட்டாதியில், விதைப்புக்கு முன், அவன் தந்தையை நெல்லியடிச் சந்தையில் கண்டேன். குளிசை வாங்கிவிட்டதாகச் சொன்னார். நீண்ட சப்பாத்தும் ஒரு சோடி வாங்கினாராம். சேற்றிற் புதைந்து காலை இழுக்க முடியாமையால் அதைக் கழற்றி வரம்பில் வைத்துவிட்டே இறங்குவதாகவும் சொன்னார். காலைக் காட்டினார். குதிக்கால் வெடிப்புகளுக்கு மட்டும் துணி சுற்றி, அதன்மேல் எண்ணெய் பூசியிருந்தார்.